கிறிஸ்தவ – இஸ்லாமிய உரையாடல் வட்டம்: 2025-ஆம் ஆண்டுக்கான ஆண்டறிக்கை

தலைவர் அவர்களே, பொருளாளர் அவர்களே, உறுப்பினர்களே, எல்லாருக்கும் வணக்கம், ஸலாம், ஸ்தோத்திரம். மூன்றையும் சொல்லிவிட வேண்டியிருக்கிறது. எதை விட்டாலும் கூட்டம் முடிந்ததும் யாராவது ஒருவர் என்னைத் தனியே கூப்பிட்டுக் கேட்டுவிடுகிறார்.

2025-இல் பன்னிரண்டு மாதக் கூட்டங்கள் திட்டமிட்டோம், பதினொன்று நடந்தன. நடக்காத ஆகஸ்டு கூட்டத்தைப் பற்றிக் கீழே எழுதியிருக்கிறேன். அதை விட்டுவிடலாம் என்று செயற்குழுவில் இருவர் சொன்னார்கள். ஆனால் போன வருட அறிக்கையை எடுத்துப் படித்துப் பார்த்தேன். “எல்லாக் கூட்டங்களும் இனிதே நடந்தேறின” என்று எழுதியிருந்தேன். படிக்கக் கூச்சமாக இருந்தது. இனிதே நடந்தது உண்மைதான், யாரும் யாரையும் எதுவும் கேட்காததால் நடந்தது. “நாமெல்லாம் ஆபிரகாமின் பிள்ளைகள்”, “கடவுள் ஒருவர்தானே” என்று ஆளுக்கு ஒரு தடவை சொல்லிவிட்டுச் செருப்பைத் தேடிக்கொண்டு கிளம்பினோம். இந்த வருடம் அந்த மரியாதை உடைந்தது. என் கணக்கில் இதுவே ஆண்டின் பெரிய வரவு. எல்லாரும் இப்படி நினைக்கவில்லை என்பதையும் குறிப்பிட்டுவிடுகிறேன்.

இடம் பற்றி ஒரு வரி. வழக்கமாகக் கூடும் அறையை ஜூனுக்குப் பிறகு தர முடியாது என்றார்கள். காரணம் கேட்டதற்கு “மேலேயிருந்து சொல்றாங்க” என்று பதில் வந்தது. மேலே என்றால் எவ்வளவு மேலே என்று நம் தலைவர் கேட்டார், பதில் இல்லை. இப்போது உறுப்பினர் ஒருவர் வீட்டு மாடியில் கூடுகிறோம்.

மார்ச் கூட்டம் தானாகவே களைகட்டியது. இந்த வருடம் ரமலானும் தவக்காலமும் ஒன்றாக வந்தன. மார்ச் முதல் தேதியை ஒட்டி நோன்பு தொடங்கியது, 5-ஆம் தேதி தவக்காலம் தொடங்கும் சாம்பல் புதன். பிறைக் கணக்கு வருடத்துக்குப் பத்துப் பதினோரு நாள் முன்னால் நகர்வதால், ரமலான் இப்படி ஒரு முழுச் சுற்று வந்துசேர சுமார் 33 ஆண்டுகள் ஆகும். “நீங்க தண்ணி குடிக்கலாமா?” என்று இளைஞர் ஒருவர் கேட்டார். குடிக்கலாம் என்றதும் “அப்ப அது நோன்பா?” என்றார். சிரிப்பு அடங்கியதும் பாஸ்டர் மத்தேயு 6-ஆம் அதிகாரத்தைப் படித்தார். உபவாசிக்கும்போது முகத்தைக் கழுவிக்கொள், நீ உபவாசிப்பது மனுஷருக்குத் தெரிய வேண்டாம் என்கிற பகுதி. “நாங்க மறைச்சு இருக்கணும், நீங்க ஊரோட இருக்கீங்க, அதுதான் வித்தியாசம்” என்றார். நம் வட்டத்தின் இஸ்லாமிய மார்க்க அறிஞரான ஹஜ்ரத் உடனே மறுத்தார். நோன்பு எனக்குரியது, அதற்கு நானே கூலி கொடுப்பேன் என்று இறைவன் சொல்வதாக ஒரு ஹதீஸ் (நபிமொழி) இருக்கிறது. தொழுவதை நாலு பேர் பார்க்கலாம், கொடுப்பதையும் பார்க்கலாம். கதவைச் சாத்திக்கொண்டு ஒருவன் ஒரு வாய்த் தண்ணீர் குடித்தானா இல்லையா என்பது அவனுக்கும் இறைவனுக்கும் மட்டுமே தெரியும் என்றார். பாஸ்டர் அதைத் தன் குறிப்பேட்டில் எழுதிக்கொண்டார். அடுத்த ஞாயிறு பிரசங்கத்தில் அது வந்தது என்று கேள்வி.

ஏப்ரல் 21-இல் திருத்தந்தை பிரான்சிஸ் காலமானார். அந்த மாதக் கூட்டத்தை அஞ்சலியாக நடத்தினோம். 2019 பிப்ரவரி 4-இல் அபுதாபியில் அல்-அஸ்ஹர் தலைமை இமாம் அஹ்மது அல்-தய்யிபுடன் அவர் கையெழுத்திட்ட மனித சகோதரத்துவ ஆவணத்தையும், 2021 மார்ச்சில் ஈராக்கின் நஜஃபில் ஷியா மதத் தலைவர் ஆயத்துல்லா சிஸ்தானியைச் சந்தித்ததையும் பேசினோம். எல்லார் மனத்திலும் நின்றது இந்தோனேசியாவின் ஜகார்த்தாதான். இஸ்திக்லால் பள்ளிவாசலும் கத்தோலிக்கப் பேராலயமும் அங்கே எதிரெதிரே நிற்கின்றன. இரண்டையும் இணைக்கத் தெருவுக்கு அடியில் ஒரு சுரங்கப்பாதை வெட்டி அதற்கு நட்பின் பெயரை வைத்திருக்கிறார்கள். 2024 செப்டம்பர் 5-இல் அங்கே போனபோது பிரான்சிஸுக்கு வயது 87, சக்கர நாற்காலியில் இருந்தார். இமாம் நசருத்தீன் உமர் குனிந்து அவர் தலையில் முத்தமிட, இவர் இமாமின் கையைப் பிடித்து முத்தமிட்டார். அந்தப் பள்ளிவாசலின் வரைபடத்தைப் போட்டவர் ஃபிரெட்ரிக் சிலாபான் என்கிற புராட்டஸ்டன்ட் கிறிஸ்தவர் என்று பொருளாளர் சொன்னபோது பாதிப் பேர் நம்பவில்லை. போனில் தேடிப் பார்த்தபிறகு நம்பினார்கள்.

மே, ஜூன் இரண்டு மாதமும் மரியாளைப் பற்றிய வாசிப்பு. குர்ஆனில் பெயர் சொல்லிக் குறிக்கப்படும் பெண் மர்யம் ஒருவர்தான், 19-ஆம் அத்தியாயமே அவர் பெயரில் இருக்கிறது. இது நமக்கெல்லாம் தெரிந்த தகவல், போன வருடமும் சொல்லிக் கைதட்டினோம். ஆனால் உட்கார்ந்து படித்தவர்கள் எத்தனை பேர்? சிஸ்டர் சத்தமாகப் படித்தார். பிரசவ வலி மர்யமை ஒரு பேரீச்ச மரத்தடிக்குக் கொண்டுபோகிறது. இதற்கு முன்பே நான் செத்துப்போய், அடியோடு மறக்கப்பட்டிருக்கக் கூடாதா என்கிறார் அவர். அந்த இடத்தில் சிஸ்டர் நிறுத்திவிட்டார். கொஞ்ச நேரம் கழித்து, “எங்க நற்செய்தியில மாதாவோட வலி இல்லை, தீவனத்தொட்டியில கிடத்தினாங்கன்னு மட்டும்தான் இருக்கு” என்றார். யாரும் பதில் பேசவில்லை. இரண்டு வருடத்தில் நாங்கள் சேர்ந்து பேசாமல் இருந்தது அன்றுதான்.

இனி ஜூலை.

அந்த மாதம் படிக்க எடுத்துக்கொண்டது 2007 அக்டோபர் 13-இல் 138 இஸ்லாமிய அறிஞர்கள் உலகக் கிறிஸ்தவத் தலைவர்களுக்கு எழுதிய ‘பொதுச் சொல்’ கடிதம். அதுவே ஒரு சச்சரவில் பிறந்த கடிதம். 2006 செப்டம்பர் 12-இல் திருத்தந்தை பதினாறாம் பெனடிக்ட் ரேகன்ஸ்பர்க் பல்கலைக்கழகத்தில் பேசும்போது, நபிகள் நாயகத்தைப் பற்றி ஒரு பைசாந்தியப் பேரரசர் சொன்ன கடுமையான வாசகத்தை மேற்கோள் காட்டினார். பல நாடுகளில் கொந்தளிப்பு. அது தம் சொந்தக் கருத்து அல்ல என்று பிறகு விளக்கினார். அடுத்த மாதமே 38 அறிஞர்கள் அவருக்குத் திறந்த மடல் எழுதினார்கள், அடுத்த ஆண்டு அது 138 பேரின் கடிதமாக வளர்ந்தது. ஜோர்தான் இளவரசர் காஸி பின் முஹம்மது முன்னின்று செய்த வேலை. கடவுளை முழு மனத்தோடு நேசி, அயலானை நேசி என்கிற இரண்டு கட்டளைகள் இரு வேதங்களுக்கும் பொது என்பது அதன் சாரம். நான் சீர்திருத்த சபைக்காரன். வத்திக்கான் விவகாரமெல்லாம் எனக்குப் பக்கத்து வீட்டுக்கு வந்த தபால் மாதிரி. ஆனால் இந்தக் கடிதத்தின் உறையில் எங்கள் முகவரியும் இருந்தது. ஆர்த்தடாக்ஸ் பிதாப்பிதாக்கள், கேன்டர்பரி பேராயர், லூத்தரன், மெதடிஸ்ட், பாப்டிஸ்ட் தலைவர்கள் எல்லாரையும் விளித்திருக்கிறார்கள்.

கடிதத்தின் தலைப்பு குர்ஆன் 3:64-இலிருந்து வந்தது. நமக்கும் உங்களுக்கும் பொதுவான ஒன்றுக்கு வாருங்கள் என்று வேதமுடையோரை, அதாவது யூதர்களையும் கிறிஸ்தவர்களையும், அழைக்கும் வசனம். அதே வசனத்தில் இறைவனுக்கு இணை வைக்காதிருப்போம் என்றும் வருகிறது. அந்த ‘இணை’ என்ற சொல்லில்தான் தீப்பிடித்தது. “இது எங்களைத்தான் சொல்லுதா?” என்று நம் சபை உறுப்பினர் ஒருவர் கேட்டார். “மூணு பேரை வெச்சிருக்கீங்களே, பின்ன யாரைச் சொல்லும்?” என்று ஒரு பாய் சாதாரணமாகத்தான் கேட்டார். “உங்களோடதே எங்க புத்தகத்துலேர்ந்து எடுத்ததுதானே” என்று பின்வரிசையிலிருந்து ஒரு குரல். நாற்காலிகள் நகர்ந்தன. இருபது நிமிடம் முன்னதாகவே கூட்டம் முடிந்தது. வருகைப் பதிவேட்டில் வெளியேறும் நேரம் எழுதும் கட்டத்தை அன்று ஒருவரும் நிரப்பவில்லை. ஆகஸ்டில் கூட்டம் நடத்தத் தேவையான எண்ணிக்கையில் ஆள் சேரவில்லை.

என் பங்கையும் சொல்லிவிடுகிறேன். பிதா, சுதன், பரிசுத்த ஆவி மூவரும் ஒரே கடவுள் என்கிற திரித்துவம் என்றால் என்ன என்று அன்று இரண்டு நிமிடம் தெளிவாகச் சொல்லியிருந்தால் தீ அணைந்திருக்கும். ஞாயிறுதோறும் ‘திரியேக தேவன்’ என்று பாடுகிறவன் நான். அந்தச் சொல்லுக்குள்ளேயே ‘ஏகம்’ இருக்கிறது என்பது வீட்டுக்குப் போய்ப் படுத்தபிறகுதான் உறைத்தது.

செப்டம்பர் கூட்டத்துக்கு ஏழு பேர் வந்தார்கள். ஸ்டாக்ஹோம் லூத்தரன் ஆயராக இருந்த கிறிஸ்டர் ஸ்டெண்டால் 1985-இல் சொன்ன மூன்று விதிகளைத் தலைவர் எடுத்துவந்தார். ஒரு மதத்தைத் தெரிந்துகொள்ள வேண்டுமானால் அதைப் பின்பற்றுகிறவரிடம் கேள், அதன் எதிரிகளிடம் கேட்காதே. உன்னுடையதில் சிறந்ததையும் அவருடையதில் மோசமானதையும் வைத்து ஒப்பிடாதே. அவரிடம் இருப்பது நமக்கும் இருக்கக் கூடாதா என்று ஏங்கும் புனிதப் பொறாமைக்கு மனத்தில் இடம் வை. சரி, செய்துதான் பார்ப்போமே என்று ஒரு பயிற்சி வைத்தோம். ஹஜ்ரத் திரித்துவத்தை விளக்க வேண்டும், பாஸ்டர் குர்ஆனை விளக்க வேண்டும். யாருடைய நம்பிக்கை விளக்கப்படுகிறதோ அவர்கள் “ஆமாம், எங்கள் நம்பிக்கை இதுதான்” என்று சொல்லும்வரை விடக்கூடாது.

ஹஜ்ரத்துக்கு மூன்று தடவை ஆனது. மூன்றாம் தடவை, அரபு பேசும் கிறிஸ்தவர்கள் பிதா, சுதன், பரிசுத்த ஆவியின் பெயராலே என்று சொல்லி, ‘ஒரே இறைவன்’ என்றும் சேர்த்துக்கொள்வார்கள், அவர்களும் கடவுளை அல்லாஹ் என்றுதான் அழைக்கிறார்கள் என்பதிலிருந்து ஆரம்பித்தார். “பரவாயில்லை ஹஜ்ரத், எங்க குருமடத்துல பாஸ் மார்க் போட்டுடுவாங்க” என்றார் சிஸ்டர். “புரிஞ்சுது, ஏத்துக்கலை” என்றார் ஹஜ்ரத். பாஸ்டர் “முகமது நபி எழுதிய” என்று தொடங்கியதுமே நிறுத்தப்பட்டார். எழுதியது இல்லை, இறைவனிடமிருந்து இறங்கியது. இரண்டாவது முயற்சியில், பைபிளையும் குர்ஆனையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்ப்பதே தவறு என்ற இடத்துக்கு அவரே வந்தார். கிறிஸ்தவனுக்குக் கடவுளின் வார்த்தை ஓர் ஆளாக வந்தது, முஸ்லிமுக்கு அது ஓதப்படும் நூலாக வந்தது. அப்படியானால் குர்ஆனுக்கு எதிரே வைக்க வேண்டியது இயேசுவைத்தான். ஈஸாவையும் (இயேசுவுக்குக் குர்ஆனில் உள்ள பெயர்) குர்ஆன் இறைவனின் ஒரு வார்த்தை என்றே குறிக்கிறது என்று ஹஜ்ரத் சேர்த்தார். அங்கிருந்து வேறு திசையில் ஒன்றரை மணி நேரம் ஓடியது. அதை எழுத இடமில்லை.

பொறாமைச் சுற்றும் உண்டு. உலகத்தில் எந்தப் பள்ளிவாசலுக்குள் நுழைந்தாலும் வரிசையில் நின்று அதே சொற்களைச் சொல்ல முடிகிறதே என்றார் பாஸ்டர். நீங்கள் முழுக்கத் தாய்மொழியிலேயே வணங்குகிறீர்களே என்றார் ஒரு பாய். துஆவை, அதாவது தனிப்பட்ட வேண்டுதலை, தாய்மொழியில் கேட்க யார் தடுத்தது என்று ஹஜ்ரத் அவரைப் பிடித்துக்கொண்டார்.

அக்டோபர் 28-ஆம் தேதி, கத்தோலிக்க ஆயர்கள் கூடிய இரண்டாம் வத்திக்கான் சங்கத்தின் ‘நம் காலத்தில்’ அறிக்கைக்கு அறுபது வயது. 1965-இல் ஆயர்கள் 2,221 பேர் ஆதரவாகவும் 88 பேர் எதிராகவும் வாக்களித்து நிறைவேறிய, ஒரே மூச்சில் படித்து முடிக்கக்கூடிய சிறிய ஆவணம். யூதர்களைப் பற்றி எழுதத் தொடங்கியது, பிற மதங்களுக்கும் விரிந்தது. முஸ்லிம்களைப் பற்றிய பகுதி இரண்டே பத்தி. திருச்சபை முஸ்லிம்களை மதிப்போடு நோக்குகிறது என்று தொடங்கி, பழைய பகைகளை மறந்து, ஒருவரையொருவர் புரிந்துகொள்ள முயலும்படி கேட்டு முடிகிறது. தொழுகை வருகிறது, தர்மம் வருகிறது, நோன்பு வருகிறது. வாசித்து முடித்ததும் ஹஜ்ரத் கேட்டது ஒரே கேள்வி: “நபி பெயர் எங்கே?” இல்லை. குர்ஆனும் இல்லை, ஹஜ்ஜும் இல்லை. ஜூலைக்கு முன்பாக இருந்தால் சிஸ்டர் ஏதாவது சமாதானம் சொல்லியிருப்பார். அன்று “ஆமா, இல்லை. அதைச் சொல்ற துணிச்சல் அன்னைக்கு வரலை, இன்னைக்கும் முழுசா வரலை” என்றார். ஈஸாவை நபி என்று மதிக்கிறோம், எங்கள் நபியை நீங்கள் என்னவென்று சொல்வீர்கள் என்ற கேள்வி எங்கள் பதிவேட்டில் திறந்தே இருக்கிறது.

நவம்பரில் இளைஞர்கள் எங்களை ஒரு பிடி பிடித்தார்கள். திரித்துவம் புரியாததாலா எங்கேயும் வெட்டிக்கொள்கிறார்கள், நிலத்துக்கும் அதிகாரத்துக்கும்தானே என்றார்கள். பாதி நியாயம். அவர்களே நைஜீரியாவின் கதூனா கதையைத் தயாரித்து வந்திருந்தார்கள். இமாம் முஹம்மது அஷஃபாவும் பாஸ்டர் ஜேம்ஸ் வுயேயும் எதிரெதிர் ஆயுதக் குழுக்களில் இருந்தவர்கள். 1992 கலவரத்தில் வுயே வலக்கையை இழந்தார், அஷஃபா தன் ஆசானையும் உறவினர் இருவரையும் பறிகொடுத்தார். 1995-இல் இருவரும் சேர்ந்து சமரச மையம் தொடங்கினார்கள். மையம் தொடங்கிய பிறகும் வுயேயின் மனத்திலிருந்து வெறுப்பு போக வருடங்கள் ஆயின என்பதை அவரே வெளிப்படையாகச் சொல்லியிருக்கிறார். எனக்குப் பிடித்தது அந்த இடம்தான்.

மற்றவை சுருக்கமாக. வாட்ஸாப் குழுவில் எங்கேயோ நடந்த ஒரு பழைய கலவரக் காட்சியை ‘நேற்று’ என்று ஒருவர் போட்டுவிட்டார். நீக்கிவிட்டு மன்னிப்பும் கேட்டார். இனி ஃபார்வர்டு செய்திகள் கிடையாது, பேசுவதை நேரில் பேசுவது என்று தீர்மானம் எண் 4. வரவு செலவைப் பொருளாளர் தனியே வாசிப்பார். ஜூலையில் எழுந்துபோனவர்களில் இருவர் இன்னும் வரவில்லை. போன் செய்தால் நன்றாகப் பேசுகிறார்கள், கூட்டம் என்றதும் “பார்க்கலாம்” என்கிறார்கள். அவர்கள் பெயரைப் பட்டியலிலிருந்து எடுக்கவில்லை.

அடுத்த கூட்டம் பற்றி. 2026-இல் சாம்பல் புதன் பிப்ரவரி 18. ரமலானும் அன்றோ மறுநாளோ தொடங்குகிறது. இரு நோன்பும் தொடங்கும் முதல் மாலையில் கூடலாம் என்று முடிவாகியிருக்கிறது. தேதியைப் பிறை பார்த்தபிறகு போன் செய்து சொல்கிறேன்.

செயலர்