மேகமா, நட்சத்திரமா?

அன்புள்ள சுந்தரத்துக்கு,

கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்துவிட்டதென்று நீ எழுதியதைப் படித்த பிறகுதான் எங்களுக்கு நிம்மதி. இன்னொரு கண்ணையும் தை பிறந்ததும் முடித்துவிடு, தள்ளிப் போடாதே. இங்கே எல்லோரும் சௌக்கியம். சின்னவளுக்கு ஓசூரிலேயே வேலை கிடைத்துவிட்டது. ஐப்பசி மழை நன்றாகப் பெய்து கிணறு நிறைந்திருக்கிறது. கார்த்திகை பாதிக்கு மேல் வானம் தெளிந்துவிட்டதால், சாப்பிட்டு முடித்ததும் பைனாகுலரோடு மொட்டை மாடிக்குப் போய்விடுகிறேன்.

சரி, நீ கேட்ட கேள்விக்கு வருகிறேன். வானத்தில் மங்கலாகத் தெரியும் திட்டுகளில், ஓரியனில் இருப்பது வாயு, ஆண்ட்ரோமீடாவில் இருப்பது நட்சத்திரங்கள் என்று போன கடிதத்தில் எழுதியிருந்தேன். இரண்டுமே ஊதிவிட்ட புகை மாதிரிதானே தெரிகின்றன, எப்படிப் பிரித்துச் சொல்கிறார்கள் என்று கேட்டாய். கூர்மையான கண்களையெல்லாம் ஏறக்குறைய நூறு வருடம் அலைக்கழித்த கேள்வி அது. கடைசியில் முடிச்சை அவிழ்த்தது, நீ காலமெல்லாம் பாடம் நடத்திய கெமிஸ்ட்ரி. அதனால்தான் விரிவாக எழுத ஆசை.

பாரிஸில் வால்மீன் தேடிக்கொண்டிருந்த சார்ல் மெஸ்ஸியே, வால்மீன் என்று மயங்க வைக்கும் மங்கல் திட்டுகளையெல்லாம் பட்டியல் போட்டார். 1781-இல் அது 103-க்கு வந்து நின்றது. அந்தப் பட்டியல் இங்கிலாந்தில் வில்லியம் ஹெர்ஷல் கைக்குப் போனதும் வேலையே வேறு தினுசாகிவிட்டது. 1783-இல் ஆரம்பித்து, வானத்தைப் பட்டை பட்டையாகத் துழாவி, இருபது வருடத்துக்குள் 2,500 திட்டுகளையும் கொத்துகளையும் பட்டியலிட்டார்.

அவர் தங்கை கரோலினைச் சொல்லாமல் இதைச் சொல்லக்கூடாது. விளக்கு வெளிச்சம் பட்டால் கண் மறுபடி இருட்டுக்குப் பழக நேரமாகும். அதனால் ஹெர்ஷல் தொலைநோக்கியை விட்டுக் கண்ணை எடுக்காமல் பார்த்ததைச் சத்தமாகச் சொல்வார். கரோலின் கடிகாரத்தையும் விளக்கையும் வைத்துக்கொண்டு நேரத்தோடு குறித்துக்கொள்வார். 1783 டிசம்பர் 31 இரவு, பனி மூடிய தரையில் அண்ணன் கூப்பிட்ட குரலுக்கு ஓடும்போது வழுக்கி விழுந்து, தொலைநோக்கிச் சட்டத்தின் இரும்புக் கொக்கி அவர் தொடையில் ஏறிவிட்டது. சதை பிய்ந்துதான் எடுக்க முடிந்தது. அந்தப் பட்டியலில் நான் எந்த எண்ணைப் பார்த்தாலும் அந்த அம்மாள் ஞாபகம்தான் வருகிறது.

ஹெர்ஷல் முதலில் எல்லாத் திட்டுகளுமே நட்சத்திரக் கூட்டங்கள்தான் என்று நம்பினார். சின்னத் தொலைநோக்கியில் புகையாகத் தெரிந்த பலவும் அவருடைய பெரிய கண்ணாடியில் புள்ளி புள்ளியாகப் பிரிந்தனவே! ஆனால் 1790 நவம்பரில், ரிஷப ராசிப் பக்கம் ஒன்றைப் பார்த்தார்: நடுவில் ஒரே ஒரு நட்சத்திரம், அதைச் சுற்றி வட்டமாக மங்கிய ஒளி. அந்த ஒளியும் கண்ணுக்குப் பிரியாத நட்சத்திரங்கள்தான் என்றால், நடுவில் இருப்பது மற்றவற்றைவிட நம்ப முடியாத அளவு பெரிதாக இருக்க வேண்டும். இல்லை, இது நட்சத்திரமல்லாத ஏதோ ஒளிரும் பொருள் என்று முடிவு கட்டினார். அத்தனை வருட நம்பிக்கையை ஒரே ஒரு திட்டுக்காக மாற்றிக்கொண்டாரே, அதற்காகவே அவரை எனக்கு ரொம்பப் பிடிக்கும்.

ஆனால் அவருக்குப் பின் காற்று மறுபடி திசை மாறியது. அயர்லாந்தில் பர் கோட்டையில் ராஸ் பிரபு 1845-இல் 72 அங்குல உலோகக் கண்ணாடி வைத்து ஒரு பிரம்மாண்டத் தொலைநோக்கி கட்டினார். சுழல் வடிவத் திட்டு ஒன்றை முதலில் கண்டது அதில்தான். கூடவே, ஓரியன் நெபுலாவும் (இந்த மங்கல் திட்டுகளுக்கு நெபுலா என்றுதான் பெயர்) நட்சத்திரங்களாகப் பிரிகிறது என்று அறிவித்தார். அது தவறு. ஆனால் எப்படி மறுப்பது? பிரியவில்லை என்று நீ சொன்னால், இன்னும் பெரிய கண்ணாடி வேண்டும் என்று நான் சொல்வேன். அந்த வழியில் போனால் வழக்குக்கு முடிவே இல்லை.

இப்போது உன் லேப்பை நினைத்துக்கொள். உப்பைக் கம்பியில் தொட்டு பன்சன் பர்னரில் காட்டுவாய், சுடர் மஞ்சளாகும். அந்த பன்சனும் கிர்க்காஃபும் 1859-இல் நிறமாலையை, அதாவது ஒளியைப் பிரித்தால் விரியும் வண்ணங்களைப் படிக்கக் கற்றுக்கொடுத்தார்கள். சூடான திடப்பொருளோ, அடர்ந்த நட்சத்திரமோ தொடர்ச்சியான வண்ணப்பட்டை தரும். மெல்லிய சூடான வாயு தனித்தனிக் கோடுகள் தரும். லண்டனில் பட்டுத்துணி வியாபாரத்தை விற்றுவிட்டு வானம் பார்க்க உட்கார்ந்திருந்த வில்லியம் ஹக்கின்ஸ் அதைப் பிடித்துக்கொண்டார். கெமிஸ்ட்ரி பேராசிரியரான மில்லரைக் கூட்டுச் சேர்த்துக்கொண்டு, தன் வீட்டு வான்காணகத்தையே லேப்பாக மாற்றினார். ஜன்னலுக்கு வெளியே நெடியடிக்கும் பேட்டரிகள், சக்கரம் வைத்த இண்டக்‌ஷன் காயில், சுவரெல்லாம் பர்னர்களும் மருந்துப் புட்டிகளும். நீ அங்கே போயிருந்தால் திரும்பி வந்திருக்க மாட்டாய்.

1864 ஆகஸ்ட் 29 இரவு டிராகோ நட்சத்திர மண்டலத்தில் இருக்கும் ஒரு சின்ன நெபுலாவைத் தேர்ந்தெடுத்தார். ஒளியைப் பிரித்துக் காட்டும் ஸ்பெக்ட்ரோஸ்கோப்பில் கண்ணை வைத்தால் வண்ணப்பட்டையே இல்லை, பிரகாசமாக ஒரே ஒரு கோடு! பிரிசம் நகர்ந்துவிட்டதோ, வேறெங்கிருந்தோ வெளிச்சம் அடிக்கிறதோ என்றுதான் முதலில் சந்தேகப்பட்டார். உற்றுப் பார்த்ததும் பக்கத்தில் மங்கலாக இன்னும் இரண்டு கோடுகள் தெரிந்தன, அவற்றில் ஒன்று ஹைட்ரஜனுடையது. வாயுதான், சந்தேகமே இல்லை. பிறகு ஓரியனைப் பார்த்தார், அதுவும் வாயு. அவரிடம் இருந்தது வெறும் 8 அங்குல லென்ஸ், சுந்தரம். 72 அங்குலத்தால் முடியாததை அது செய்தது. வெளிச்சத்தை அதிகமாகச் சேர்ப்பது மட்டும் போதாது, சேர்த்த வெளிச்சத்திடம் சரியான கேள்வியைக் கேட்க வேண்டியிருந்தது.

அந்தப் பிரகாசமான கோடு எந்தத் தனிமத்தோடும் பொருந்தாததால், நெபுலியம் என்று ஒரு புதுத் தனிமம் இருக்கும் என்று நினைத்தார்கள். ஹீலியம் அப்படித்தானே முதலில் சூரியனில் தெரிந்து பிறகு பூமியில் கிடைத்தது? 1927-இல் அமெரிக்காவின் ஐரா போவன் தீர்த்துவைத்தார்: இரண்டு எலக்ட்ரான்களை இழந்த சாதாரண ஆக்சிஜன். நெபுலா அவ்வளவு மெலிந்த வாயு என்பதால், கிளர்ந்த அணு யாரோடும் மோதாமல் நிதானமாக அந்த ஒளியை விடுகிறது. நம் லேப் குழாயில் அதற்குள் மோதல் நடந்துவிடும்.

அப்புறம் ஆண்ட்ரோமீடா. ஹக்கின்ஸுக்கு அது கோடுகள் காட்டவில்லை, தொடர்ச்சியான பட்டையே காட்டியது. நட்சத்திரங்கள் என்பதற்கு அது சாடை. ஆனால் எவ்வளவு தூரத்தில்? அது தெரியாமல் இன்னொரு அறுபது வருடம் ஓடியது. நம் பால்வெளிக்குள்ளேயே இருக்கும் சின்னச் சுழல் என்று அமெரிக்க வானியலாளர் ஷேப்லி போன்றவர்கள் 1920-இலும் வாதாடினார்கள். வழி திறந்தவர் ஹார்வர்டின் ஹென்ரியட்டா லெவிட். மெகல்லன் மேகங்கள் என்ற நட்சத்திரக் கூட்டங்களின் புகைப்படத் தகடுகளை அலசி, ஒளி கூடிக் குறைந்து துடிக்கும் செஃபீட் வகை நட்சத்திரம் மெதுவாகத் துடித்தால் அதிகப் பிரகாசம் என்ற விதியை 1912-இல் சொன்னார். துடிப்பை எண்ணினால் உண்மைப் பிரகாசம் தெரியும். அதைக் கண்ணுக்குத் தெரியும் பிரகாசத்தோடு ஒப்பிட்டால் தூரம் வந்துவிடும். அந்தக் கருவியைக் கையிலெடுத்த அமெரிக்க வானியலாளர் எட்வின் ஹபிளின் பெயர் தெரிந்த பிள்ளைகளுக்கு லெவிட்டின் பெயரும் தெரிய வேண்டும் என்பது என் ஆசை.

1923 அக்டோபரில் கலிபோர்னியாவின் மவுண்ட் வில்சன் வான்காணகத்தில் எடுத்த ஆண்ட்ரோமீடா தகட்டில், புது நட்சத்திரம் என்று முதலில் குறித்த ஒன்றை ஹபிள் அடித்துவிட்டு, ஒளி மாறும் நட்சத்திரம் என்பதன் ஆங்கிலச் சுருக்கத்தை ஆச்சரியக்குறியோடு எழுதினார். 31 நாள் துடிப்பு. கணக்குப் போட்டால் கிட்டத்தட்ட 9 லட்சம் ஒளியாண்டு, நம் பால்வெளிக்கு வெகு வெளியே! 1924 பிப்ரவரியில் ஷேப்லிக்கே கடிதம் எழுதினார். அதைப் படித்த ஷேப்லி, அறையில் இருந்த இளம் வானியலாளர் சிசிலியா பெய்னிடம், என் பிரபஞ்சத்தை அழித்த கடிதம் இதுதான் என்று நீட்டினாராம். தூரம் பிறகு திருத்தப்பட்டது. இன்றைய கணக்கில் 25 லட்சம் ஒளியாண்டு.

டாக்டர் சரி என்றதும் நீயும் பார். மார்கழியில் ராத்திரி ஏழு மணிக்கு வடக்கே திரும்பி நின்று, வானத்தில் மூன்றில் இரண்டு பங்கு உயரத்துக்குப் பார்வையை ஏற்று. அங்கே நீளவாக்கில் ஒரு மங்கல் இருக்கும், அது ஆண்ட்ரோமீடா. ஒன்பது மணிக்குக் கிழக்கே வந்தால் ஓரியன் படுத்த வாக்கில் ஏறிக்கொண்டிருக்கும். பெல்ட்டின் மூன்று நட்சத்திரங்களுக்கு வலப்பக்கம் நெபுலா. ஆபரேஷன் செய்த கண்ணில் நீலம் பளிச்சென்று தெரியும் என்கிறார்கள். இரண்டு கண்ணிலும் மாற்றி மாற்றிப் பார்த்து, வித்தியாசம் தெரிகிறதா என்று எழுது.

காவலூர் வான்காணகத்தில் பொதுமக்களுக்குக் காட்டும் நாள் எது என்று விசாரித்து வைக்கிறேன். மாசியில் நீயும் மாலதியும் வந்தால் இங்கிருந்து நாலு பேருமாகப் போகலாம். உன் பழைய ஸ்பெக்ட்ரோஸ்கோப் பரணில் இருந்தால் மறக்காமல் எடுத்துக்கொண்டு வா.

அன்புடன்,
ராமலிங்கம்