அந்த ஒரு வரியை மட்டும் நிறுத்தினா போதும்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

உங்க பேப்பர்ல கம்ப்யூட்டர் கேள்வி பதில் பகுதியில ஒரு மாணவர், உபுண்டு 22.04ங்கற லினக்ஸ் போட்ட லேப்டாப்ல, ப்ராஜெக்ட் பண்ண வாங்குற ஆர்டுயினோங்கற சின்ன எலக்ட்ரானிக் போர்டை செருகினா, அதோட பேசுற யுஎஸ்பி போர்ட்டே (இணைப்பு வழியே) காட்ட மாட்டேங்குதுன்னு கேட்டிருந்தார், அதுக்கு பிஆர்எல்டிடிஒய்னு தேவையில்லாத சாஃப்ட்வேர் ஒண்ணு இருக்கு, அதை ரிமூவ் பண்ணிடுங்க சரியாயிடும்னு பதில் வந்திருந்தது. ரிமூவ் பண்ணா போர்டு வேலை செய்யும், உண்மைதான். ஆனா தேவையில்லாததுன்னு எழுதினது ரொம்ப தப்புங்க ஐயா. அது பிரெயில் டிஸ்ப்ளேயை லினக்ஸோட பேச வைக்கிற சாஃப்ட்வேர். நான் பார்வையில்லாதவன், லினக்ஸ்ல நான் படிக்கிற ஒவ்வொரு வரியும் அது வழியாத்தான் என் கைக்கு வருது.

பிரெயில் டிஸ்ப்ளேன்னா கீபோர்டுக்கு முன்னாடி வைக்கிற ஒரு பட்டை, ஸ்கிரீன்ல இருக்கற வரி அதுல சின்ன சின்ன புள்ளியா எழும்பும், விரலால தடவி படிச்சுட்டு பட்டனை அமுக்கினா அந்தப் புள்ளியெல்லாம் இறங்கி அடுத்த துண்டு எழும்பும். ஒவ்வொரு கம்பெனி டிஸ்ப்ளேயும் கம்ப்யூட்டரோட பேசுற விதம் வேற, அதனால ஒவ்வொண்ணுக்கும் தனி டிரைவர் வேணும், அந்த டிரைவரையெல்லாம் 1995ல இருந்து சேர்த்து சேர்த்து வளர்த்துட்டு வர ஓப்பன் சோர்ஸ் வேலைதான் இந்த பிஆர்எல்டிடிஒய். டெபியன்ங்கற இன்னொரு லினக்ஸை இன்ஸ்டால் பண்றப்போ டிஸ்ப்ளேயை யுஎஸ்பில செருகி வச்சா அதுவே கண்டுபிடிச்சுக்கும், பக்கத்துல யாரும் இல்லாம நாங்களே இன்ஸ்டால் பண்ணிக்கலாம். காதும் கேக்காத பார்வையில்லாதவங்களுக்கு ஸ்கிரீன் ரீடர் குரலால பிரயோஜனமே இல்ல, அவங்களுக்கு கம்ப்யூட்டர்னா இந்தப் புள்ளி மட்டும்தான்.

அப்ப பிரச்சனை எங்கேன்னா, விலை கம்மியான ஆர்டுயினோ போர்டுகள்ல சிஎச்340னு ஒரு சிப் இருக்கு, அதோட யுஎஸ்பி ஐடி, அதாவது செருகினதும் தன்னை யாருன்னு சொல்ற நம்பர், 1ஏ86:7523. அமெரிக்காவுல என்எல்எஸ் நூலக சேவை பார்வையில்லாத வாசகர்களுக்கு தர்ற ஜூமேக்ஸ் கம்பெனி பிரெயில் ஈ-ரீடருக்கும் அதே ஐடிதான். ஒரே நம்பர் பிளேட்ல ரெண்டு வண்டி ஓடுற மாதிரி, எது யாரோடதுன்னு சிஸ்டத்துக்கு தெரியாது, டிஸ்ப்ளேதான் வந்திருக்குன்னு நினைச்சு பிஆர்எல்டிடிஒய் போர்ட்டை பிடிச்சுக்குது. 2018ல வந்த எச்ஐடி பிரெயில்ங்கற பொது ஸ்டாண்டர்டுல டிஸ்ப்ளேயே நான் பிரெயில் டிஸ்ப்ளேன்னு சொல்லிடும், இந்தக் குழப்பமே வராது, ஆனா பழைய டிஸ்ப்ளே வச்சிருக்கவங்க அதைத் தூக்கிப் போட்டுட்டு புதுசு வாங்க முடியுங்களா, அது விக்கிற விலைக்கு?

சொந்த லேப்டாப்ல என்ன வேணா பண்ணட்டும். காலேஜ் லேப், லைப்ரரி கம்ப்யூட்டர்ல இதைப் பண்ணிடறாங்க, அதான் கஷ்டம். நான் போற ஒரு லேப்ல டிஸ்ப்ளேயை செருகினா பட்டை அப்படியே தட்டையா கிடந்தது, கேபிள் போயிடுச்சோ டிஸ்ப்ளேயே போயிடுச்சோன்னு பயந்துட்டேன், அப்புறம் பாத்தா யாரோ ப்ராஜெக்ட்டுக்காக ரிமூவ் பண்ணியிருக்காங்க. அதைத் திரும்பப் போட அட்மின் பாஸ்வேர்டு தெரிஞ்சவர் வரணும், அவர் அன்னிக்கு லீவு.

அதனால திருத்தம் ஒண்ணு போடுங்க ஐயா. எந்த யுஎஸ்பி ஐடி வந்தா என்ன பண்ணணும்னு சொல்ற பிஆர்எல்டிடிஒய்யோட யுடெவ் ரூல்ஸ் ஃபைல் ஒண்ணு இருக்கு, பேர் 85னு ஆரம்பிக்கும், அதுல 1ஏ86/7523 வர்ற வரிக்கு முன்னாடி ஒரு ஹேஷ் (#) போட்டு அந்த வரியை மட்டும் நிறுத்தி சேவ் பண்ணிட்டு சிஸ்டத்தை ரீஸ்டார்ட் பண்ணா ஆர்டுயினோ வேலை செய்யும், மத்த டிஸ்ப்ளே எல்லாமும் வேலை செய்யும். அப்டேட் வந்தா மாறிடுமேன்னு நினைச்சா அந்த ஃபைலை அதே பேர்ல இடிசி ஃபோல்டருக்குள்ள இருக்கற யுடெவ் ரூல்ஸ் ஃபோல்டர்ல காப்பி பண்ணி அங்க மாத்தட்டும்.

இப்படிக்கு,
உங்க வாசகர், திருச்சி