கேமை நீக்கும் முன் சேவ் ஃபைலைத் தேடுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

தங்கள் நாளிதழின் தொழில்நுட்பப் பக்கத்தில் கடந்த வாரம் கணினியில் இடம் சேமிப்பது பற்றி ஒரு சிறு குறிப்பு வந்திருந்தது. விளையாடாமல் கிடக்கும் கேம்களின் ஃபோல்டரைக் கண்டுபிடித்து டிலீட் செய்துவிட்டால் போதும், பல ஜிபி இடம் கிடைத்துவிடும் என்று அதில் இருந்தது. இடம் கிடைக்கும் என்பது சரிதான். ஆனால் அந்த வழி தவறு. அதை நம்பிச் செய்பவர்கள் எதை இழப்பார்கள் என்பதை அந்தக் குறிப்பு சொல்லவே இல்லை. அதனால்தான் இந்தக் கடிதம்.

கணினி பழுது பார்ப்பது என் தொழில். சி டிரைவ் சிவப்பாகிவிட்டது, விண்டோஸ் அப்டேட் இறங்கமாட்டேன் என்கிறது என்று லேப்டாப்போடு வருகிறவர்களை வாரந்தோறும் பார்க்கிறேன். 256 ஜிபி என்று எழுதி விற்கும் எஸ்எஸ்டி (ஹார்ட் டிஸ்க்குக்குப் பதிலாக வரும் புதிய வகைச் சேமிப்பகம்) விண்டோஸில் 238 ஜிபி என்றுதான் காட்டும். தயாரிப்பாளர் ஆயிரம் ஆயிரமாக எண்ணுகிறார், விண்டோஸ் 1024-ஆக எண்ணுகிறது, அவ்வளவுதான். அந்த 238-இல் விண்டோஸுக்கும் மற்ற மென்பொருள்களுக்கும் போக மிச்சத்தைப் பாருங்கள். ரெட் டெட் ரிடெம்ப்ஷன் 2, பால்டர்ஸ் கேட் 3 போன்ற கேம்கள் ஒவ்வொன்றும் 150 ஜிபி கேட்கின்றன. ஆகவே கேமை நீக்க வேண்டிய கட்டாயம் எல்லோருக்கும் என்றாவது ஒருநாள் வரத்தான் செய்யும். அதில் தவறே இல்லை. எந்த வரிசையில் நீக்குகிறோம் என்பதுதான் முக்கியம்.

ஒரு கேம் கணினியில் ஒரே ஃபோல்டரில் உட்கார்ந்திருப்பதில்லை. படங்களும் ஒலிகளும் நிறைந்த பெரிய பகுதி ஓரிடத்தில் இருக்கும். விண்டோஸ் தன் அமைப்புகளைக் குறித்துவைக்கும் ரெஜிஸ்ட்ரியில் அதன் பெயரும் முகவரியும் பதிவாகியிருக்கும். சில ஆன்லைன் கேம்கள் ஏமாற்று ஆட்டத்தைத் தடுக்க ஒரு தனி மென்பொருளையும் உடன் கொண்டுவரும். உதாரணத்துக்கு, வாலரண்ட் கேமோடு வரும் வான்கார்ட் கணினி திறக்கும்போதே கூடவே ஓடத் தொடங்கும். கேமை நீக்கினாலும் அதைத் தனியாகத்தான் நீக்க வேண்டும். பெரிய ஃபோல்டரை மட்டும் டிலீட் செய்தால் இவையெல்லாம் அப்படியே நிற்கும். பட்டியலில் கேமின் பெயர் இருக்கும், டெஸ்க்டாப்பில் ஐகான் இருக்கும், அழுத்தினால் எதுவும் திறக்காது. இன்னொன்றும் உண்டு. ரீசைக்கிள் பின்னுக்குள் அடங்காத அளவு பெரிய ஃபோல்டரை அழிக்கும்போது, நிரந்தரமாக அழிக்கட்டுமா என்று விண்டோஸ் கேட்கும். அவசரத்தில் ‘எஸ்’ அழுத்தினால் திரும்ப எடுக்க முடியாது. அடங்கிவிட்டாலோ, ரீசைக்கிள் பின்னைக் காலி செய்யும்வரை ஒரு ஜிபி இடம்கூடக் கிடைக்காது.

இதெல்லாம் தொல்லைதான், இழப்பு அல்ல. இழப்பு சேவ் ஃபைலில், அதாவது விளையாட்டில் எதுவரை வந்தோம் என்பதைப் பதிந்துவைக்கும் ஃபைலில், இருக்கிறது.

காசு கொடுத்து வாங்கிய கேமை, கேம்களை வாங்கி நிறுவ உதவும் ஸ்டீம், எபிக் போன்ற லாஞ்சர்களில் எத்தனை முறை வேண்டுமானாலும் திரும்ப இறக்கிக்கொள்ளலாம். வாங்கிய உரிமை கணக்கில் இருக்கிறது, கணினியில் இல்லை. ஆனால் அந்த கேமுக்குள் விளையாடுகிறவர் சேர்த்துவைத்த முன்னேற்றம், கட்டிய வீடு, பெயர் வைத்த பாத்திரம் எல்லாம் அவர் கணினியில் மட்டும் இருக்கலாம். 150 ஜிபி கேமின் சேவ் ஃபைல் பெரும்பாலும் சில எம்பிக்குள் முடிந்துவிடும். அதைப் பத்திரமாக எடுத்து வைத்துவிட்டால் மற்ற அத்தனையையும் தைரியமாக அழிக்கலாம்.

கட்டங்களை அடுக்கி உலகம் கட்டும் மைன்கிராஃப்ட் கேமின் ஜாவா பதிப்பில் ஒரு அண்ணனும் தங்கையும் தங்கள் பள்ளிக்கூடத்தைக் கட்டியிருந்தார்கள். மாடிப்படி, நூலகம், மணி தொங்கும் இடம் வரை ஒவ்வொரு கட்டமாக அடுக்கியது. அண்ணன் மேற்படிப்புக்கு வெளியூர் போன பிறகு தங்கை தனியாகக் கட்டிக்கொண்டிருந்தாள், அவன் விடுமுறைக்கு வரும்போது காட்டுவதற்காக. ஏதோ ஒரு குறிப்பைப் படித்த அவர்களின் அப்பா, இடம் பிடிக்கிறது என்று மைன்கிராஃப்ட் ஃபோல்டரை, ரீசைக்கிள் பின்னுக்கும் போகாதபடி, ஷிஃப்டோடு சேர்த்து டிலீட் செய்துவிட்டார். அவரைக் குறை சொல்ல எனக்கு மனமில்லை. கேம் என்றால் கேம், திரும்பப் போட்டால் வந்துவிடும் என்று நினைத்திருக்கிறார். அப்படி நினைக்காதவர்கள் குறைவு. லேப்டாப்பை என்னிடம் கொண்டுவந்தபோது அந்தப் பெண் சொன்னாள்: “அக்கா, கேம் வேணாம். நாங்க கட்டின ஸ்கூல் மட்டும் கிடைச்சா போதும்.”

கிடைக்கவில்லை. பழைய ஹார்ட் டிஸ்க்காக இருந்தால், அழித்த இடத்தின்மேல் வேறெதுவும் எழுதப்படாதவரை மீட்க ஓரளவு வாய்ப்பு உண்டு. எஸ்எஸ்டியில் அப்படியில்லை. ஒரு ஃபைல் அழிந்ததும் டிரிம் என்ற கட்டளை வழியாக, இந்த இடம் இனி தேவையில்லை என்று விண்டோஸ் எஸ்எஸ்டிக்குச் சொல்லிவிடும், அதுவும் அந்த இடத்தைத் துடைத்துவிடும். அதன்பிறகு எந்த மீட்பு மென்பொருளாலும் பெரும்பாலும் பலன் இருக்காது. ஸ்கிரீன்ஷாட்டாவது இருக்குமே என்று அப்பா கேட்டார். மைன்கிராஃப்ட் எடுக்கும் ஸ்கிரீன்ஷாட்களும் அதே ஃபோல்டருக்குள்தான் இருக்கும். அவையும் போயிருந்தன. உள்ளே ‘சேவ்ஸ்’ என்றொரு சின்ன ஃபோல்டர் இருந்திருக்கும், ஒரு பென்டிரைவின் மூலையில் அடங்கியிருக்கும். இதை யாரும் அவருக்கு முன்கூட்டிச் சொல்லவில்லை என்பதுதான் என் ஆதங்கம். நாளிதழில் வரும் குறிப்பு அதைச் சொல்ல வேண்டும் என்று நான் கேட்பது இதனால்தான்.

சேவ் ஃபைலைத் தேடுவது கடினமில்லை, ஆனால் ஒரே இடத்தில் இருக்காது. டாக்குமெண்ட்ஸில் ‘மை கேம்ஸ்’ என்று ஒரு ஃபோல்டர் இருக்கிறதா என்று முதலில் பாருங்கள். பயனர் பெயருள்ள ஃபோல்டருக்குள் ‘சேவ்டு கேம்ஸ்’ என்று இன்னொன்று இருக்கும். அப்புறம் ஆப்டேட்டா. இது மறைந்திருக்கும் ஃபோல்டர், ஃபைல் எக்ஸ்புளோரரில் வியூ பட்டியலுக்குப் போய் ‘ஹிட்டன் ஐட்டம்ஸ்’ என்பதை இயக்கினால்தான் கண்ணில் படும். அதற்குள் லோக்கல், லோக்கல்லோ, ரோமிங் என்று மூன்று பிரிவுகள். யூனிட்டி என்ற கேம் உருவாக்கும் மென்பொருளில் செய்த கேம்கள் பலவும் லோக்கல்லோவைத்தான் பயன்படுத்துகின்றன. மைன்கிராஃப்ட் ஜாவா பதிப்பு ரோமிங்குக்குள் இருக்கும். சில பழைய கேம்கள் தங்கள் சொந்த ஃபோல்டருக்குள்ளேயே சேவ் ஃபைலை வைத்துக்கொள்ளும். ஃபோல்டரை டிலீட் செய்தால் முதலில் பலியாவது இவைதான். கேமின் பெயரையோ அதை உருவாக்கிய நிறுவனத்தின் பெயரையோ தாங்கிய ஃபோல்டர் கிடைத்தால் முழுதாக பென்டிரைவில் நகலெடுத்துவிடுங்கள். ஒரே கணினியை வீட்டில் பலரும் தனித்தனி பயனர் கணக்கில் பயன்படுத்தினால் ஒவ்வொருவரின் சேவும் அவரவர் கணக்குக்குள் இருக்கும். ஒருவருடையதை மட்டும் எடுத்துவிட்டு மற்றவருடையதை மறக்கக் கூடாது.

கிளவுடில், அதாவது நிறுவனத்தின் இணையச் சேமிப்பில், இருக்கிறது, கவலை இல்லை என்பார்கள் சிலர். ஸ்டீமிலும் எபிக்கிலும் அந்த வசதி இருக்கிறது, ஆனால் எல்லா கேமுக்கும் இல்லை. ஸ்டீமில் அந்த கேமின் பக்கத்தில் ஸ்டீம் கிளவுட் என்ற குறிப்பு இருக்கிறதா என்று பார்த்துத்தான் முடிவு செய்ய வேண்டும். இருந்தாலும், கணினியில் உள்ள சேவும் கிளவுடில் உள்ள சேவும் வேறுபட்டால் எதை வைத்துக்கொள்ளட்டும் என்று ஸ்டீம் கேட்கும். தேதியைப் பார்க்காமல் அழுத்தினால் புதியதன்மேல் பழையது ஏறிவிடும். பென்டிரைவில் ஒரு நகல் இருப்பதுதான் எனக்கு நிம்மதி.

சேவ் பத்திரமான பிறகு நீக்கும் வேலை எளிது. லாஞ்சர் வழியாக வந்த கேமை அந்த லாஞ்சரிலேயே நீக்குங்கள். ஸ்டீமில் லைப்ரரியில் கேமின் பெயர்மேல் ரைட் கிளிக் செய்து மேனேஜ், பிறகு அன்இன்ஸ்டால். எபிக்கில் கேமின் பக்கத்திலுள்ள மூன்று புள்ளிகளை அழுத்தினால் அன்இன்ஸ்டால் வரும். மற்றவற்றுக்கு விண்டோஸ் 11-இல் செட்டிங்ஸ், ஆப்ஸ், இன்ஸ்டால்டு ஆப்ஸ் என்று போகலாம், அளவின்படி வரிசைப்படுத்தினால் எது அதிக இடம் பிடிக்கிறது என்பது மேலேயே தெரியும். லாஞ்சரை நீக்க மட்டும் அவசரப்படாதீர்கள். ஸ்டீமை நீக்கினால் அதன் ஃபோல்டருக்குள் இருக்கும் எல்லா கேமும் சேர்ந்தே போய்விடும். இரண்டாவது டிரைவ் இருப்பவர்கள் கேமை நீக்கவே வேண்டாம், ஸ்டீமின் ஸ்டோரேஜ் பகுதியிலிருந்தே அங்கே நகர்த்திவிடலாம். இன்ஸ்டால்டு ஆப்ஸ் பட்டியலில் விஷுவல் சி++ ரீடிஸ்ட்ரிபியூட்டபிள் என்று பல வரிகள் தெரியும், அவற்றைத் தொட வேண்டாம். கேம்கள் இயங்கத் தேவையான துணைக் கோப்புகள் அவை. சிறியவை, வேறு மென்பொருள்களும் அவற்றை நம்பியிருக்கின்றன.

நிறுவனங்களே தரும் நீக்கும் வழியும் எப்போதும் குற்றமற்றதாக இருந்ததில்லை என்பதையும் சொல்லியாக வேண்டும். 1998-இன் இறுதியில் பங்கி நிறுவனத்தின் மித் 2 கேமில் ஒரு கோளாறு தெரியவந்தது. அதன் அன்இன்ஸ்டாலர் கேமை நிறுவிய ஃபோல்டரை முழுதாக அழிக்கும். யாராவது தனி ஃபோல்டர் இல்லாமல் நேராக டிரைவின் முதல் நிலையிலேயே நிறுவியிருந்தால் டிரைவே காலி. அச்சான வட்டுகளை நிறுவனம் திரும்பப் பெற்றுச் சரிசெய்தது. 2015 ஜனவரியில் லினக்ஸ் இயங்குதளத்துக்கான ஸ்டீமில் இதே மாதிரி ஒன்று நடந்தது. ஸ்டீம் ஃபோல்டரைக் கையால் வேறிடத்துக்கு நகர்த்திய ஒருவரின் சொந்த ஃபைல்களை, இணைத்திருந்த வெளி டிரைவில் இருந்தவை உட்பட, அதன் ஸ்கிரிப்ட் (சிறு நிரல்) அழித்துவிட்டது. இரண்டு கதையிலும் காரணம் ஒன்றுதான்: எந்த ஃபோல்டரை அழிக்கிறோம் என்பதை நிரல் சரிபார்க்கவில்லை. இப்படிப்பட்ட பிழை இன்று அரிது. ஆனாலும் கேமை நிறுவும்போது அதற்கென்று தனி ஃபோல்டர் கொடுப்பதும், நீக்கும் நேரத்தில் பேக்கப் டிரைவைக் கழற்றி வைப்பதும் நல்லது.

கேம் உருவாக்குபவர்களிடமும் ஒன்று கேட்கிறேன். நீக்கும்போது ‘உங்கள் சேவ் ஃபைல்களை வைத்துக்கொள்ளட்டுமா?’ என்று கேட்டு, அவை இருக்கும் இடத்தையும் திரையில் காட்டுங்கள். சில கேம்கள் இதை ஏற்கெனவே செய்கின்றன. எல்லாமே செய்யலாம், இரண்டு வரி நிரல் வேலை.

தாங்கள் அந்தக் குறிப்பைத் திருத்தி வெளியிட்டால், சேவ் ஃபைலை நகலெடுப்பதை முதல் வரியாகப் போடுங்கள். ஒரே கிளிக்கில் ரெஜிஸ்ட்ரியைச் சுத்தம் செய்வதாகச் சொல்லும் இலவச மென்பொருள்களையும் தயவுசெய்து பரிந்துரைக்க வேண்டாம். அப்படிப்பட்ட கருவிகளுக்கு ஆதரவு தருவதில்லை என்று மைக்ரோசாஃப்டே சொல்லியிருக்கிறது. நாலு எம்பி மிச்சம் பிடிக்கப் போய் விண்டோஸே திறக்காமல் போனால் யாருக்கு லாபம்?

குறிப்பைப் படித்து ஏற்கெனவே ஃபோல்டரை டிலீட் செய்துவிட்டவர்கள் பதற வேண்டாம். பல கேம்களின் சேவ் வேறு இடத்தில் இருப்பதால் ஆப்டேட்டாவிலும் டாக்குமெண்ட்ஸிலும் அவை இன்னும் அப்படியே இருக்கக்கூடும், எந்த கிளீனரையும் ஓட்டுவதற்கு முன் அங்கே தேடி நகலெடுங்கள். பிறகு ஸ்டீம் கேமாக இருந்தால் லைப்ரரியில் அன்இன்ஸ்டால் கொடுங்கள். கண்ட்ரோல் பேனல் பட்டியலில் பெயர் மட்டும் தங்கியிருந்தால் அங்கே அன்இன்ஸ்டால் அழுத்திப் பாருங்கள், ஏற்கெனவே நீக்கப்பட்டிருக்கலாம், பட்டியலிலிருந்து எடுத்துவிடட்டுமா என்று விண்டோஸ் கேட்டால் ‘எஸ்’ சொல்லலாம். அப்படிக் கேட்காமல் அடம்பிடித்தால் அதே கேமை அதே இடத்தில் மீண்டும் நிறுவி, முறையாக நீக்கிவிடுங்கள்.

இப்படிக்கு,
கணினி பழுது பார்க்கும் ஒரு வாசகி