நாற்பது அடி வலையும் நாலு பாத்தியும்

அன்புள்ள முருகேசா,

கடிதம் கிடைத்தது. பையனுக்கு வேலை உறுதியானதில் எங்கள் வீட்டில் எல்லோருக்கும் சந்தோஷம். உன் மூட்டுவலி பற்றி ஒரு வரிகூட இல்லையே, தேவலையா?

சரி, தோட்டத்துக்கு வருகிறேன். எட்டுக்கு நாலில் நாலு பாத்தி, மொத்தம் 128 சதுர அடி. கையில் இருப்பது 40 அடி கம்பிவலை. எப்படி மடக்கினாலும் பற்றவில்லை என்கிறாய். பற்றாது. சுற்றளவு 40 என்றால் நீளமும் அகலமும் சேர்ந்து 20. நீளத்தை எக்ஸ் என்று வைத்தால் அகலம் 20 மைனஸ் எக்ஸ், இரண்டையும் பெருக்கினால் 128 வர வேண்டும். அதாவது எக்ஸ் ஸ்கொயர் மைனஸ் 20 எக்ஸ் பிளஸ் 128 சமம் பூஜ்யம். மூலங்களை, அதாவது எக்ஸின் விடைகளைத் தேட வேண்டாம், பத்தாம் வகுப்பில் உருப்போட்ட பி ஸ்கொயர் மைனஸ் ஃபோர் ஏசியை, அதாவது தன்மைக்காட்டியை மட்டும் பார். எக்ஸ் ஸ்கொயருக்கு முன்னால் உள்ள எண் ஏ, எக்ஸுக்கு முன்னால் உள்ளது பி, தனி எண் சி. 400இல் 512 போனால் மைனஸ் 112. தன்மைக்காட்டி மைனஸ் என்றால் மெய்யான மூலம் கிடையாது, அப்படி ஒரு செவ்வகமே இல்லை. 100 சதுர அடி கேட்டிருந்தால் பூஜ்யம் வந்திருக்கும்: பத்துக்குப் பத்து சதுரம், ஒரே விடை. அதற்கு மேல் அந்த வலை தராது.

ஆனால் நாலு பக்கமும் ஏன் வலை? பின்சுவரை ஒரு பக்கமாக வைத்துக்கொள். சுவரிலிருந்து வெளியே வரும் பக்கங்கள் இரண்டும் எக்ஸ், எதிர்ப்பக்கம் 40 மைனஸ் 2 எக்ஸ். இப்போது 2 எக்ஸ் ஸ்கொயர் மைனஸ் 40 எக்ஸ் பிளஸ் 128 சமம் பூஜ்யம். தன்மைக்காட்டி 1600இல் 1024 போக 576. பிளஸ்தான், அதுவும் 24இன் வர்க்கம். அதனால் விடையில் வர்க்கமூலக் குறி மிஞ்சாது: 16 அல்லது 4. நாலை எடுத்தால் எதிர்ப்பக்கம் 32 அடி, உன் சுவர் அவ்வளவு ஓடாது. பதினாறை எடு, சுவரோரம் 8 அடி. நாலு பாத்தியும் வரிசையாக உட்கார்ந்துவிடும்.

டியூஷன் பிள்ளைகள் ‘மூலங்களின் தன்மையை ஆராய்க’ என்றால் கடகடவென எழுதிவிடுகிறார்கள். மைனஸ் என்றால் ஏன் மூலம் இல்லை என்று கேட்டால்தான் முழிப்பு. வர்க்க உறுப்பின் கெழுவை, அதாவது அந்த ஏவை நாலால் பெருக்கி, சமன்பாடு முழுவதையும் அதனால் பெருக்கு என்பது பழைய இந்தியக் கணித அறிஞர் ஸ்ரீதரர் வழி. அப்படிச் செய்து வர்க்கமாக்கினால் இடப்பக்கம் ஒரு முழு வர்க்கம், வலப்பக்கம் இதே தன்மைக்காட்டி. எந்த மெய்யெண்ணின் வர்க்கமும் மைனஸ் ஆகாதே! 12ஆம் நூற்றாண்டிலேயே கணித அறிஞர் பாஸ்கரர், குறை எண் வர்க்கம் அல்ல, அதற்கு மூலமும் இல்லை என்று எழுதிவிட்டார்.

அப்புறம், பாத்திக்கு நடுவே நடக்க வழி வேண்டுமானால் இன்னும் இடம் இருக்கிறது. சுவரோடு சேர்த்தால் 200 சதுர அடி வரை தன்மைக்காட்டி மைனஸுக்குப் போகாது. ஆனால் அதற்குச் சுவர் 20 அடியாவது வேண்டும். அளந்து எழுது.

உன்,
சேகர்