அடையாளம் தெரியாத வாகனம்னு எழுதறதோட விட்டுடாதீங்க

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

உங்க பேப்பர்ல மாவட்டச் செய்திகள் பக்கத்துல அடிக்கடி வர்ற செய்திதான், "அடையாளம் தெரியாத வாகனம் மோதி முதியவர் பலி", "சாலையைக் கடக்க முயன்ற கூலித் தொழிலாளி பலி"ன்னு நாலு வரி இருக்கும், கடைசில போலீசார் வழக்குப்பதிவு செய்து விசாரித்து வருகின்றனர்னு முடிஞ்சிடும். அதுக்கப்புறம் அந்த வீட்டு ஆளுங்களுக்கு சட்டப்படி ஒரு தொகை வரணும், அது ஏன் போய் சேர மாட்டேங்குதுன்னு சொல்லத்தான் எழுதறேன்.

மோதின வண்டி எதுன்னு தெரிஞ்சுட்டா ஒரு வழி இருக்கு. க்ளைம் கேஸ் போடலாம், செத்தவரோட வயசு, சம்பளம், அவரை நம்பி எத்தனை பேர்னு பாத்து கோர்ட் ஒரு தொகை சொல்லும், இன்சூரன்ஸ் கம்பெனி கட்டும். வருஷக்கணக்குல இழுக்கும்தான், ஆனா வக்கீல்களே தேடி வருவாங்க. வண்டி நம்பர் தெரியலன்னா யாரும் வர மாட்டாங்க, அந்த குடும்பமும் விதின்னு உக்காந்துடும்.

ஆனா வண்டி நிக்காம போயிட்டாலும் மோட்டார் வாகன சட்டத்துல இழப்பீடு உண்டு சார். முன்னாடி உயிரிழப்புக்கு 25,000 ரூபாய்தான், 2022 ஏப்ரல் 1ல இருந்து 2 லட்சம், பலத்த காயம்னா 50,000. இதுக்கு வக்கீல் தேவையில்ல, கோர்ட்டுக்கும் போக வேண்டாம், வருவாய்த் துறையில இதுக்குன்னு இருக்கற விசாரணை அதிகாரிகிட்ட எஃப்ஐஆர் காப்பி, போஸ்ட்மார்ட்டம் ரிப்போர்ட், இறப்பு சான்றிதழ், பேங்க் பாஸ்புக் எல்லாம் வெச்சு மனு குடுக்கணும். அவர் விசாரிச்சு கலெக்டருக்கு அனுப்புவார், கலெக்டர் உத்தரவு போட்டதும் பணம் நேரா அக்கவுண்ட்டுக்கு வரணும். பின்னாடி வண்டி சிக்கி க்ளைம் கேஸ்ல பணம் கெடச்சா இந்த 2 லட்சத்த கழிச்சுக்குவாங்க, அவ்ளோதான்.

எங்க தெருவுல ஒரு அம்மா, வீட்டுக்காரர் வாட்ச்மேன், நைட் டூட்டி முடிச்சு சைக்கிள்ல வரும்போது எதோ ஒரு வண்டி அடிச்சுட்டு போயிடுச்சு. ஸ்டேஷனுக்கு போறப்பல்லாம் "வண்டி கெடைக்கலம்மா, கெடச்சா சொல்றோம்"ங்கற பதில்தான், இப்படி ஒரு திட்டம் இருக்குன்னு ஒருத்தர்கூட வாய் திறக்கல. நாங்களா தெரிஞ்சுகிட்டு ஆபீசுக்கு கூட்டிட்டு போனா அங்க இருந்தவருக்கே அந்த மனு எப்படி இருக்கும்னு தெரியல, க்ளைம் கேஸ்னா கோர்ட்டுக்கு போங்கன்னாரு. அந்தம்மா மூணு வீட்ல பாத்திரம் தேய்க்கறாங்க, ஒரு நாள் லீவு போட்டா அன்னிக்கு கூலி கெடையாது, அவங்களை இப்படி அலைய விட்டா என்ன நியாயம்?

இது எங்க தெரு கதை மட்டும் இல்ல. 2022ல நாடு முழுக்க இப்படி நிக்காம போன வண்டிகளால நடந்த விபத்து 67,387, செத்தவங்க 30,486 பேர், ஆனா 2022-23ல இந்த திட்டத்துல வந்த மனு வெறும் 205தான்னு சுப்ரீம் கோர்ட்லயே பதிவாகியிருக்கு. இத பாத்துட்டுதான் 2024 ஜனவரில கோர்ட் தெளிவா சொல்லுச்சு, வழக்கு பதிஞ்சு ஒரு மாசத்துல வண்டி எதுன்னு கண்டுபிடிக்க முடியலன்னா, இந்த இழப்பீடு கேக்கலாம்னு அந்த குடும்பத்துக்கு ஸ்டேஷன்லயே எழுத்துபூர்வமா தெரிவிக்கணும், எந்த அதிகாரிய பாக்கணும்ங்கறதையும் சேத்து குடுக்கணும்னு. 2 லட்சம் ஒரு உயிருக்கு ரொம்ப கம்மி, அத வருஷா வருஷம் ஏத்த முடியுமான்னு பாக்க சொல்லி மத்திய அரசுக்கும் அப்பவே சொன்னாங்க. ஆனா இருக்கறதே கைக்கு வரலன்னா ஏத்தி என்ன பிரயோஜனம்.

பஸ் கவிழ்ந்து பத்து பேர் செத்தா அன்னிக்கே நிவாரண நிதி அறிவிக்கறாங்க, நல்ல விஷயம், வேண்டாம்னு சொல்லல. ஆனா அது அரசாங்கம் மனசு வெச்சு குடுக்கறது, இது சட்டப்படி வர வேண்டிய பணம், ராத்திரில தனியா ரோட்ல செத்துக் கெடந்தவருக்கும் சேத்துதான்.

எல்லா ஸ்டேஷன்லயும் அந்த மனு ஃபார்ம் வெச்சிருக்கணும், போஸ்ட்மார்ட்டம் முடிஞ்சு உடலை ஒப்படைக்கறப்பவே கையில ஒண்ணு குடுத்துடணும், இத எஸ்பி, கலெக்டர் நெனச்சா நாளைக்கே பண்ணலாம். உங்ககிட்டயும் ஒண்ணு கேக்கறேன், இனிமே அடையாளம் தெரியாத வாகனம்னு செய்தி போடறப்ப கீழயே ரெண்டு வரி, இந்த குடும்பம் 2 லட்சம் இழப்பீடு கேக்கலாம், இன்ன ஆபீஸ்ல மனு குடுக்கணும்னு போடுங்க சார். அந்த செய்திய வெட்டி வெச்சுக்கற வீடுங்க நெறைய இருக்கு.

இப்படிக்கு,
உங்கள் வாசகர்