வெய்க்கே நிறுவிய பொம்மை அரங்கு

ஆசிரியர் அவர்களுக்கு,

எஸ்டோனிய நடிகரும் பொம்மலாட்டக் கலைஞருமான ஃபெர்டினாண்ட் வெய்க்கே (1924–2015) குறித்துத் தங்கள் ஞாயிறு மலரில் வந்த கட்டுரையை மகிழ்ச்சியுடன் படித்தேன். ஆனால், அவரது நடிப்பை விரிவாகப் பேசிய கட்டுரை, 1952இல் தாலின் நகரில் அவர் நிறுவிய பொம்மை நாடக அரங்கை ஒரே வரியில் கடந்துவிட்டது வருத்தமளிக்கிறது. சோவியத் ஆட்சியின் கீழ், இத்தனை சிறிய தேசத்தின் குழந்தைகளுக்குத் தாய்மொழியில் பொம்மலாட்டம் காண நிலையான ஓர் அரங்கு கிடைத்ததே! அவர் வாழ்வின் பெரும்பணி அதுதான்.

வேலை நிமித்தம் தாலினில் வசித்தபோது, லாய் தெருவில் அந்த அரங்கையொட்டி அமைந்துள்ள அருங்காட்சியகத்துக்கு மகளை அழைத்துச் சென்றேன். பொம்மைகளை விட்டு நகர அவளுக்கு மனமே வரவில்லை. அரங்கின் கதையைப் படங்களுடன் தங்கள் சிறுவர் இணைப்பில் தனிக் கட்டுரையாக வெளியிட வேண்டுகிறேன்.

– வாசகி, கோவை