அப்பத்தாவுக்கு என்ன ஆயிற்று

காரைக்குடி

அன்புள்ள தம்பிக்கு,

அப்பச்சி எழுதுகிறேன். "யூரின் இன்ஃபெக்‌ஷனுக்குப் போய் ஐசியூவா? பில் ஏற்றப் பார்க்கிறார்களோ?" என்று போனில் கேட்டாய். அப்பத்தா பக்கத்தில் இருந்ததால் பேச்சை மாற்றிவிட்டேன். சிங்கப்பூரில் இருந்துகொண்டு அரைகுறையாகக் கேட்டால் யாருக்கும் அப்படித்தான் தோன்றும். மருந்துக்கடையிலேயே காலம் தள்ளியவன் எழுதுகிற கடிதம், கொஞ்சம் நீளும். பொறுமையாகப் படி.

சிறுநீர்ப் பாதைத் தொற்று வயதான பெண்களுக்கு, அதிலும் சர்க்கரை உள்ளவர்களுக்கு, சகஜம். பெரும்பாலும் மாத்திரையில் அடங்கிவிடும். அப்பத்தாவுக்கு அது சிறுநீரகம் வரை ஏறி ரத்தத்தில் கலந்துவிட்டது. ஆனால் ஆளைச் சாய்த்தது கிருமி மட்டும் இல்லை. கிருமியை விரட்டக் கிளம்பிய உடம்பின் எதிர்ப்பு தறிகெட்டுப் போய், சொந்த உறுப்புகளையே கெடுக்க ஆரம்பித்துவிட்டது. அதைத்தான் செப்சிஸ் என்கிறார்கள். 2016இல் மருத்துவ நிபுணர்கள் கூடி வகுத்த வரையறையும் இதுதான். நிமோனியா, வயிற்றுத் தொற்று, ஆறாத கால் புண், எதிலிருந்தும் இது வரலாம்.

கிருமியைக் கண்டதும் வெள்ளணுக்கள் சைட்டோகைன் என்ற ரசாயனங்களை விடும். அவை ஓரிடத்தோடு நின்றால் அந்த இடம் சிவந்து, வீங்கி, ஆறிவிடும். உடம்பு முழுக்கப் பரவினால் ரத்தக் குழாய்கள் எல்லாம் ஒரே நேரத்தில் தளர்ந்து விரிந்து, சுவர் வழியாகக் கசியத் தொடங்கும். கரை உடைந்த வாய்க்கால் மாதிரிதான்: வழியெல்லாம் தண்ணீர் நிற்கும், கடைமடைக்குப் போகாது. அப்பத்தாவின் கைகால் வீக்கத்தைப் பார்த்த உன் ஆத்தா, "உடம்பில்தான் இவ்வளவு நீர் கோத்திருக்கே, இன்னும் எதுக்கு டிரிப்ஸ்?" என்று கேட்டாள். நல்ல கேள்வி. நீர் தசையில் நின்றது, குழாய்க்குள் இல்லை. அதனால்தான் பிரஷர் விழுந்தது. போதாததற்குச் சின்னச் சின்னக் குழாய்களில் ரத்தம் பொடிப்பொடியாக உறையவும் செய்யும். உறுப்புகளுக்கு ஆக்சிஜன் சரியாகப் போய்ச் சேராது. சிறுநீரகம் சோர்ந்தால் மூத்திரம் குறையும். நுரையீரலில் நீர் கசிந்தால் மூச்சு வாங்கும். மூளைக்குக் குறைந்தால் பேச்சு குழறும், ஆள் தடுமாறும்.

அப்பத்தாவிடம் முதலில் தெரிந்தது இந்தத் தடுமாற்றம்தான். வீட்டு உள்முற்றத்து வளவில் உட்கார்ந்துகொண்டு, "ரங்கூன் கடுதாசி வந்துருச்சா?" என்று கேட்டார். அவரைப் பெற்ற அப்பச்சி பர்மாவுக்குப் போய்த் தொழில் செய்த காலத்து நினைப்பு! வந்திருந்த சொந்தக்காரர்கள், வயசாயிடுச்சு, அப்படித்தான் பேசுவார் என்றார்கள். காலையில் நன்றாகப் பேசியவர் சாயங்காலம் மாறிப்போனால் அது வயசு இல்லை, வியாதி. காய்ச்சலும் இல்லை, உடம்பு ஜில்லென்று இருந்தது. முதியவர்களுக்குச் செப்சிஸில் சூடு ஏறாமல், குறையவும் கூடும். காய்ச்சல் இல்லையே என்று நம்பித்தான் பலர் ஏமாறுகிறார்கள். நம்ம ஊர் டாக்டர் தெர்மாமீட்டரைக் கீழே வைத்துவிட்டு மூச்சை எண்ணினார். நிமிஷத்துக்கு 22 அல்லது அதற்கு மேல், மேல் பிரஷர் 100 அல்லது அதற்குக் கீழ், புத்தி தெளிவில்லாமை: இந்த மூன்றில் இரண்டு இருந்தாலே உஷாராக வேண்டும். அப்பத்தாவுக்கு மூன்றும் இருந்தன. உடனே மதுரைக்குக் கொண்டுபோகச் சொல்லிவிட்டார்.

அங்கே செய்ததில் வீண் செலவு என்று எனக்கு எதுவும் படவில்லை. என்ன கிருமி, எந்த மருந்துக்கு அடங்கும் என்று வளர்த்துப் பார்க்கிற கல்ச்சர் சோதனைக்கு ரத்தம் எடுத்த கையோடு நரம்பில் ஆன்டிபயாடிக் போட்டார்கள். பிரஷர் விழுந்துவிட்டால் முதல் ஒரு மணி நேரத்துக்குள் அந்த மருந்து போக வேண்டும். டிரிப்ஸுக்கும் பிரஷர் ஏறாததால் நார்அட்ரினலின் ஓடியது. விரிந்த குழாய்களை இறுக்குகிற மருந்து அது. நிமிஷத்துக்கு நிமிஷம் பிரஷரைப் பார்த்துக் கூட்டிக் குறைக்க வேண்டும், வார்டில் வைத்து முடியாது. ஆக்சிஜன் போதாதபோது ரத்தத்தில் ஏறுகிற லாக்டேட்டைத் திரும்பத் திரும்பப் பார்த்ததும் உறுப்புகள் மீள்கின்றனவா என்று தெரிந்துகொள்ளத்தான்.

கல்ச்சர் ரிப்போர்ட் வந்தபோது எனக்குக் கோபம்தான் வந்தது. நாம் சாதாரணமாக விற்கிற இரண்டு மருந்துகளுக்கு அந்தக் கிருமி அசையவே இல்லை. சீட்டு இல்லாமல் கடைக்கு வந்து "ரெண்டு ஆன்டிபயாடிக் மட்டும் கொடுங்க" என்று நிற்பவர்களிடம் நான் ஏன் சண்டை போடுகிறேன் என்று நீ சின்ன வயதில் கேட்பாய். கண்டபடி சாப்பிட்டால் கிருமி மருந்துக்குப் பழகிவிடும், இதற்குத்தான். 2017இல் மட்டும் உலகத்தில் சுமார் 1.1 கோடிப் பேர் செப்சிஸோடு இறந்ததாகக் கணக்கிட்டிருக்கிறார்கள். அந்த வருஷம் இறந்தவர்களில் ஐந்தில் ஒருவர் என்று வருகிறது. இருக்கிற மருந்தும் வேலை செய்யாமல் போனால் என்ன ஆகும், நீயே யோசி.

இப்போது வீட்டுக்கு வந்துவிட்டார், ஆனால் பழைய ஆள் இல்லை. வளவிலிருந்து பட்டாலைக்கு ஏறக் கை பிடிக்க வேண்டியிருக்கிறது. முடி கொட்டுகிறது, ராத்திரி பயந்து விழிக்கிறார், சொன்னதை மறக்கிறார். செப்சிஸிலிருந்து மீண்டவர்களுக்கு இது மாதக்கணக்கில் இருக்கும், சிலருக்கு அதற்கு மேலும். அதனால் போனில் "சோம்பேறித்தனம் பண்ணாம நடங்க" என்று அதட்டாதே. பிசியோதெரபி பெண் தினமும் வருகிறாள், அது போதும். மறுபடி தொற்று வரவும் வாய்ப்பு அதிகம் என்பதால் சர்க்கரையையும் தண்ணீர் குடிப்பதையும் நாங்கள் பார்த்துக்கொள்கிறோம்.

பிள்ளையார் நோன்புக்கு நீ வந்து இழை எடுத்துக்கொள்வாயா என்று அப்பத்தா கேட்கிறார். லீவு கிடைக்குமா என்று சீக்கிரம் சொல். வந்தால் கோடாலித் தைலம் வேண்டுமாம்.

அன்புடன்,
அப்பச்சி